தவத்திடம் கேட்காத கேள்வி

1

ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்களுக்கு முதலிலேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் யாரையும் இலகுவில் நம்புகிறவள் இல்லை. டாக்குத்தர் தரும் குளிசையைக்கூட மகனிடம் ஒருதரம் காட்டி, பிறகு அவனுக்குத் தெரியாமல் மருமகளிடமும் காட்டி, இரண்டு பேரும் ஒன்றையே சொன்னால்தான் விழுங்குவேன். கனடாவுக்கு வந்து இந்த மாதத்தோடு பதினான்கு வருடம். குளிருக்குப் பழகிவிட்டேன், பேருந்துக்குப் பழகிவிட்டேன், இந்தக் குணம் மட்டும் கூடிக்கொண்டே போகிறது. பாஷை பிடிபடாத ஊரில் வேறு என்னத்தை வைத்துக்கொண்டு சீவிக்கிறது?

வீட்டுக்குப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் எனக்கு ஒரு சின்ன வேலை இருக்கிறது. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் பிள்ளைகள் சண்டை பிடிக்காமல், சாப்பாட்டை எறியாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். இதற்குப் பொலிஸ் நற்சான்றிதழ் கேட்டு மாதக்கணக்காக இழுத்தடித்தார்கள். எழுபதைத் தாண்டிய கிழவி எந்த ஊரில் என்ன களவெடுத்தாள் என்று தேடினார்களோ தெரியாது. கடைசியில் ஒரு கடதாசி வந்தது, நானும் மஞ்சள் மேற்சட்டையைப் போட்டுக்கொண்டு போகத் தொடங்கினேன்.

இந்த வருடம் மூன்றாம் வகுப்புக்கு நோரா என்ற பிள்ளை வந்தாள். அவளுக்குக் காது கேளாது. அவளோடு கார்லா என்று நெட்டையான பெண் ஒருத்தியும் வந்தாள். நோரா போகும் இடமெல்லாம் அவளும் போவாள். வகுப்பில் ரீச்சருக்குப் பக்கத்தில் நின்று, ரீச்சர் வாயால் சொல்வதைக் கையால் சொல்லுவாள். நோரா கையால் சொல்வதை வாயால் மற்றவர்களுக்குச் சொல்லுவாள். இதற்கென்று வருடக்கணக்காகப் படித்து, பரீட்சை எழுதி வந்த உத்தியோகம் அது என்று என்னோடு வேலை செய்யும் பெண் சொன்னாள்.

மற்றவர்கள் அந்தக் கைகளைப் பார்த்து அதிசயப்பட்டார்கள். நான் அவளுடைய முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எதை விடுகிறாள், எதைக் கூட்டுகிறாள், எந்த இடத்தில் கை தயங்குகிறது என்று கண்ணில் எண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தேன். ஏனென்றால் அந்த வேலையை நானும் செய்திருக்கிறேன். அறுபதுகளின் தொடக்கத்தில், முல்லைத்தீவுக் காட்டுக்கு நடுவில், ஒரு கிடுகுக் கொட்டில் பள்ளிக்கூடத்தில். அதில் என்னென்ன கள்ளம் செய்யலாம் என்பது எனக்குத் தெரியும்.

2

அப்பா யாழ்ப்பாணத்து ஆள். அரசாங்கத்தின் குளத்துக் குடியேற்றத்தில் வயற்காணி கிடைத்ததும் எங்களையும் கூட்டிக்கொண்டு உடையார்கட்டுப் பக்கம் வந்தவர். வந்த வருடமே தங்கை தவத்துக்கு நெருப்புக் காய்ச்சல் வந்தது. அப்போது அவளுக்கு இரண்டு வயது. காய்ச்சல் போனது, காதையும் கொண்டு போனது. அம்மா அடுப்போடு, அப்பாவும் தம்பியும் வயலோடு. அவளோடு இருந்தவள் அவளுக்குப் பத்து வயது மூத்த நான்தான்.

எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் ஒரு பாஷை வளர்ந்தது. அதை எங்களுக்கு யாரும் சொல்லித்தரவில்லை. அப்பா என்றால் தோளில் மண்வெட்டி. அம்மா என்றால் மூக்குத்தி. வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கல் என்றால் இரண்டு கையையும் பானை மாதிரிக் குவித்து, விரல்கள் பொங்கி வழிய வேண்டும். தம்பிக்கு அதில் பத்துப் பதினைந்து சொல் தெரியும். அம்மாவுக்குச் சாப்பாடு, குளிப்பு, நித்திரை, அடி. மிச்சம் எல்லாம் எங்கள் இருவருக்கும்தான்.

அவளுக்கு ஒன்பது வயதானபோது பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிக்கொண்டு போனேன். பெரிய வாத்தியார் கதிரையை விட்டு எழும்பவேயில்லை.

"வாய் பேசாத பிள்ளைக்கு ஆர் பிள்ளை படிப்பிக்கிறது? என்ர நாலு வாத்திமாருக்கும் கதைக்கிற பிள்ளையளையே அடக்கேலாமல் கிடக்கு."

"நான் பக்கத்திலை இருந்து சொல்லிக் குடுக்கிறன் ஐயா. நீங்கள் படிப்பிக்கிறதை அப்பிடியே அவளுக்குச் சொல்லுவன்."

அவர் மேசையில் விரித்துக் கிடந்த வரவு இடாப்பை மூடினார். "வந்து இருங்கோ. ஆனால் இடாப்பிலை பேர் போடமாட்டன். இன்ஸ்பெக்டர் வந்து பாத்துச் சொல்லட்டும். அவர் வேண்டாம் எண்டால் அண்டோடை சரி."

அப்படித்தான் பத்தொன்பது வயதுக் குமரி நான், சின்னப் பிள்ளைகளோடு மர வாங்கில் இருந்தேன். வாத்தியாருக்கு முதுகைக் காட்டி, தவத்துக்கு முகத்தைக் காட்டி இருக்க வேண்டும். காது பின்னால், கை முன்னால். வாத்தியார் ஒரு வசனத்தை முடிக்க முன்னம் நான் அதைக் கையில் எடுத்துவிடுவேன்.

ஊர் சும்மா இருக்குமா? அந்த வகுப்புக்குப் பாடம் எடுத்தவர் புதிதாக வந்த சின்ன வாத்தியார், கலியாணம் ஆகாதவர். தங்கச்சியைச் சாட்டி அக்காக்காரி ஆரைப் பார்க்கப் போகிறாள் என்று கிணற்றடியில் கதை. அம்மாவுக்கும் அது எட்டியது. அதற்குப் பிறகு நான் சேலை மாற்றினால் கேள்வி, பூ வைத்தால் கேள்வி, பத்து நிமிடம் பிந்தினால் படலையில் நின்று கேள்வி. நான் அவரைத் திரும்பிப் பார்த்ததே குறைவு. ஆனால் அந்தக் குரலை நாள் முழுக்க முதுகால் கேட்டுக்கொண்டிருந்தேன். அது பிடிக்கவில்லை என்று சொன்னால் பொய்.

தவம் கணக்கில் புலி. இரண்டாம் தவணையில் அந்தப் பாடத்தில் வகுப்பிலேயே முதலாவதாக வந்தாள். அங்கேதான் சந்தேகம் முற்றியது. அக்காக்காரி கையாலே விடையைச் சொல்லிக் கொடுக்கிறாள் என்று இரண்டு தகப்பன்மார் சைக்கிளில் வந்து பெரிய வாத்தியாரிடம் முறையிட்டார்கள். அவரும் நம்பினார். அதன்பிறகு சோதனை வந்தால் என்னை வெளியே வேப்பமரத்தடியில் விடுவார். அப்போதும் அவள் சரியாகச் செய்தாள். அப்படியென்றால் வேறு எப்படியோ கடத்துகிறார்கள் என்றார். வேலியில் காயப்போட்டிருந்த துணிகளைக்கூட ஒருநாள் சந்தேகத்தோடு பார்த்தார்.

3

இங்கே என் மகன் வீட்டில் இராச்சாப்பாட்டுக்கு எல்லோரும் மேசையில் ஒன்றாக இருப்போம். மகன் குகன், மருமகள், பேத்தி அபி. அபிக்குத் தமிழ் விளங்கும் என்று மகன் சொல்கிறான், நான் அதற்குச் சாட்சி சொல்லமாட்டேன். அவள் வேகமாக இங்கிலீசில் எதையோ சொல்லுவாள், மூன்று பேரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அபி ஒரு கணம் என் பக்கம் பார்ப்பாள். என்னைப் பற்றித்தான் என்று எனக்கு உடனே பிடிபட்டுவிடும்.

"என்ன குகன், என்னவாம்?"

"ஒண்டுமில்லை அம்மா. சும்மா, பள்ளிக்கூடத்துப் பகிடி."

ஒரு நிமிடச் சிரிப்புக்கு ஒற்றைச் சொல். ஆனால் கோபிக்க எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? எங்கள் வீட்டில் எல்லோரும் கூடிக் கதைத்துச் சிரிக்கும்போது, தவம் என் சேலையைப் பிடித்து இழுத்து என்ன என்ன என்று கேட்பாள். நான் கையை ஒருதரம் வீசுவேன். ஒண்டுமில்லை. அவள் எல்லோருடைய முகத்தையும் ஒவ்வொன்றாகப் பார்ப்பாள். அந்தப் பார்வை இப்போது என் முகத்தில் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

நாலைந்து வருடத்துக்கு முன் அவளை இங்கே மூன்று மாதத்துக்குக் கூப்பிட்டுப் பார்க்க ஆசைப்பட்டேன். குகன் கணினியில் விண்ணப்பம் நிரப்பினான். விண்ணப்பதாரியின் தாய்மொழி என்ன என்று ஒரு கட்டம் இருந்தது.

"தமிழ் எண்டு போடுறன் அம்மா."

"அவளுக்கு எங்கை ராசா தமிழ்? நாலு வரி வாசிப்பாள், அவ்வளவுதான்."

"அப்ப என்ன எண்டு போடுறது? சைகை மொழியோ?"

"அது வேறை. அது பள்ளிக்கூடத்திலை படிச்ச ஆக்களின்ர மொழி. இது நானும் அவளும் கதைக்கிறது."

"அம்மா, இதிலை உங்கட பேரைப் போடேலாது," என்று சொல்லிவிட்டுத் தமிழ் என்றே போட்டான். விசா மறுத்து வந்தது. திரும்பிப் போவார் என்று நம்பமுடியவில்லையாம். என்னைவிடப் பெரிய சந்தேகக்காரர்கள் அந்தக் கந்தோரில் இருக்கிறார்கள். அன்றைக்கு அந்தக் கட்டத்தைப் பார்த்தபோதுதான் எனக்கு ஒரு விஷயம் உறைத்தது. அவளுடைய பாஷை தெரிந்தவள் உலகத்தில் நான் ஒருத்திதான். அந்த ஒருத்தி விமானம் ஏறி வந்துவிட்டாள்.

நான் வந்தபிறகுதான் வன்னியில் போரின் கடைசிச் சண்டை நடந்தது. இடம்பெயர்ந்து ஓடிய அந்த மாதங்களில் அவளுக்கு யார் எதைச் சொன்னார்கள், எங்கே போகிறோம் என்றாவது அவளுக்கு விளங்கியதா என்று நான் இன்றுவரை கேட்கவில்லை. கேட்கப் பயம்.

4

இன்ஸ்பெக்டர் வந்த நாளைச் சொல்கிறேன். ஜீப்பில் வந்தார். தலையில் வெள்ளைத் தொப்பி, கையில் சின்னப் பிரம்பு. இறங்கியதுமே தவம் தலையில் தொப்பி வைப்பதுபோல் காட்டி அவருக்குப் பெயர் வைத்துவிட்டாள். பெரிய வாத்தியார் அவர் காதுக்குள் ஏதோ குசுகுசுத்தார். இன்ஸ்பெக்டர் நேராக எங்கள் வாங்குக்கு வந்தார்.

"நீதானோ கையாலை விடை சொல்லுறவள்?"

"விடை சொல்லுறேல்லை ஐயா. கேள்வியைத்தான் சொல்லுறனான்."

"பாப்பம்."

என்னைச் சுவரைப் பார்த்து நிற்கச் சொன்னார். கரும்பலகையில் தானே கணக்கு எழுதினார். தவம் செய்தாள். வாங்கை மாற்றி இருத்தி இன்னொன்று எழுதினார். அதையும் செய்தாள். அவருடைய முகம் இளகவில்லை. சுற்றி இருந்த பிள்ளைகளின் கைகளை எல்லாம் மேசைக்கு மேலே வைக்கச் சொல்லி மூன்றாவதும் எழுதினார். பிறகு தவத்தின் கொப்பிகளைக் கேட்டு வாங்கி ஒவ்வொரு ஒற்றையாகத் தட்டினார். எங்கே கள்ளம் இருக்கிறது என்று தேடுகிறார் என்று விளங்கியது. அவர் வேண்டாம் என்று ஒரு சொல் சொன்னால் தவத்தின் படிப்பு அன்றோடு முடிந்துவிடும்.

சொல்வதெழுதுதல் கொப்பியில் நின்றுவிட்டார். சின்ன வாத்தியாரைக் கூப்பிட்டார்.

"நீர் இதிலை என்ன சொல்லி எழுதச் சொன்னனீர்?"

"ஆதவன் எண்டு, ஐயா."

"பிள்ளை சூரியன் எண்டெல்லோ எழுதியிருக்கு? இதென்ன, அடுத்தது?"

"மரக்கலம், ஐயா. அவள் தோணி எண்டு எழுதியிருக்கிறாள். நான் பிழை போட்டனான்."

அந்தப் பக்கம் முழுக்க அப்படித்தான். வாத்தியார் ஆதவன் என்றால் நான் கையால் சூரியனைத்தானே காட்ட முடியும்? என் கையில் எழுத்து இல்லை, பொருள்தான் இருந்தது. அவள் அந்தப் பொருளுக்குத் தனக்குத் தெரிந்த சொல்லை எழுதினாள். பக்கம் பக்கமாகச் சிவப்புக் கோடு. இன்ஸ்பெக்டர் கொப்பியை மூடிவிட்டு முதல் தடவையாகச் சிரித்தார்.

"கள்ளம் செய்யிறவள் இந்தப் பிழையை விடமாட்டாள் வாத்தியார். இடாப்பிலை பேரைப் போடும்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. பெரிய வாத்தியார் பேனையை எடுத்துக்கொண்டு வந்தார். அதோடு இன்ஸ்பெக்டர் போயிருந்தால் இந்தக் கதையே இல்லை. அவர் போகவில்லை. வாங்கில் தவத்துக்கு முன்னால் இருந்தார்.

"பிள்ளை, யாழ்ப்பாணத்திலை இவளை மாதிரிப் பிள்ளையளுக்கெண்டு ஒரு பள்ளிக்கூடம் இருக்கு. தங்கியிருந்து படிக்கலாம். அங்கை பிள்ளையள் எல்லாம் தங்களுக்குள்ளை கையாலைதான் கதைக்குதுகள். இவளுக்கு விருப்பமெண்டால் நான் எழுதிப் போடுறன், தேப்பனோடையும் கதைக்கிறன். போக விருப்பமோ எண்டு கேள்."

அந்தப் பள்ளிக்கூடத்தைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொன்னார். நான் எல்லாவற்றையும் கேட்டேன். தவம் என் கையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நான் கையைத் தூக்கினேன். தொப்பிக்காரர் கேட்கிறார். அம்மா இல்லாத, அப்பா இல்லாத, நான் இல்லாத தூர இடத்தில் தனிய இருப்பியா?

அவள் மாட்டேன் என்று தலையை ஆட்டிய வேகத்தில் பின்னல் முகத்தில் அடித்தது. என் சேலையை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"விருப்பமில்லையாம், ஐயா."

பதிலில் நான் ஒரு எழுத்தையும் மாற்றவில்லை. கேள்வியைத்தான் மாற்றினேன். காலையிலிருந்து எங்கள் விரலையும் கண்ணையும் கொப்பியையும் சந்தேகப்பட்ட மனுசன், சந்தேகப்பட வேண்டிய இந்த ஓரிடத்தில் நம்பிவிட்டார். பாவம், பிள்ளை பயப்படுது என்று சொல்லி அவளுடைய தலையைத் தடவிவிட்டு ஜீப்பில் ஏறினார். அப்பா பிறகு பெரிய வாத்தியாரிடம் கேள்விப்பட்டு, பிள்ளைக்கு விருப்பமில்லை என்றால் விடுங்கோ என்று சொல்லிவிட்டார்.

ஏன் அப்படிச் செய்தேன்? அவளைப் பிரிய முடியாமல்தான் என்று கனகாலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதில் கொஞ்சம் உண்மை இருக்கலாம். ஆனால் தவம் போனால் நான் அந்த வாங்கில் இருக்க முடியாது. கிடுகு பின்னவும் நெல் அவிக்கவும் வீட்டுக்குப் போக வேண்டும். அந்தக் குரலை முதுகால் கேட்பதும் முடிந்துவிடும். எந்தக் காரணம் எத்தனை பங்கு என்று நான் என்னையே இன்னும் விசாரித்து முடிக்கவில்லை.

அடுத்த வருடம் சின்ன வாத்தியார் மாற்றலாகிப் போனார். அதற்கு அடுத்த வருடம் எனக்கு முல்லைத்தீவில் கலியாணம். நான் போனபிறகு தவத்துக்குச் சொல்ல வகுப்பில் யாரும் இல்லை. இரண்டு மாதம் வெறுமனே போய் இருந்தாள், பிறகு நின்றுவிட்டாள். பெயர் மட்டும் அந்த வருட முடிவுவரை இடாப்பில் இருந்ததாம்.

5

போன கிழமை சாப்பாட்டு மேசையில் ஒரு பெடியன் நோராவைப் பார்த்து ஏதோ சொன்னான். பக்கத்தில் இருந்த பிள்ளைகள் வாயைப் பொத்தினார்கள். என்ன சொல் என்று எனக்குப் பிடிபடவில்லை, கெட்டது என்பது பிடிபட்டது. கார்லா உடனே கையைத் தூக்கி அதை நோராவுக்குச் சொன்னாள். பிள்ளையின் முகம் சிவந்தது. அடுத்த கணம் நோரா கையால் என்னவோ திருப்பிக் கொடுத்தாள், கார்லா அதை வாயால் சொன்னாள், பெடியன் சாப்பாட்டுப் பெட்டியை மூடிக்கொண்டு அடுத்த மேசைக்குப் போனான்.

எனக்குக் கார்லாவில் கோபம் பொங்கியது. வேண்டுமென்றே பிள்ளையை நோகடிக்கிறாளோ என்று நினைத்தேன். மேசை துடைக்கும்போது என் உடைந்த இங்கிலீசைக் கூட்டிப் பொறுக்கிக் கேட்டேன்: கெட்டதையும் சொல்லுவியா?

அவள் எனக்கு விளங்க வேண்டுமென்று ஆறுதலாக, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னாள். "அது அவளுக்குச் சொன்னது. அதை எடுத்து வைத்துக்கொள்ள நான் யார்?"

நல்லதை நீ விட்டிருக்கிறாயா என்று அவள் என்னைத் திருப்பிக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அந்த இடத்திலேயே இருந்து அழுதிருப்பேன்.

சனிக்கிழமை காலையில் ஊருக்கு வீடியோவில் அழைப்பெடுத்துக் கதைப்பது வழக்கம். தம்பியின் மருமகள் சுகந்திதான் தொலைபேசியைத் தவத்துக்கு முன்னால் பிடிப்பாள். அவள் பொறுமையான பிள்ளைதான். ஆனாலும் ஒவ்வொரு கிழமையும், "சின்ன மாமி சுகமாய் இருக்கிறாவாம்," என்று அவள் முந்திக்கொண்டு சொல்லும்போது, உனக்கு எப்படித் தெரியும் என்று எனக்குள் ஒன்று உறுமும்.

இந்தச் சனிக்கிழமை நான் சுகம் விசாரிக்கவில்லை. தலையில் தொப்பி வைப்பதுபோல் காட்டினேன். தவம் கொஞ்சம் முன்னால் வந்தாள். அவளுக்கு உடனே விளங்கியது. இத்தனை வருடத்துக்குப் பிறகும் அந்த மனுசனை அவள் மறக்கவில்லை. நான் தொடர்ந்தேன். அன்றைக்கு அவர் கேட்டது வேறு. நான் உனக்குச் சொன்னது வேறு. தூரத்தில் ஒரு பள்ளிக்கூடம் இருந்தது. அங்கே பிள்ளைகள். காதைப் பொத்திக் காட்டினேன், இரண்டு கையையும் அசைத்துக் காட்டினேன். உன்னை மாதிரிப் பிள்ளைகள், கையால் கதைக்கிற பிள்ளைகள். போக விருப்பமா என்று கேட்டார். நான் உனக்கு அதைச் சொல்லவில்லை.

"மாமி, என்ன சொல்லுறியள்? அவாவின்ர முகம் ஒரு மாதிரிப் போகுது," என்றாள் சுகந்தி.

"நீ பிடிச்சுக்கொண்டு நில்லு பிள்ளை. ஆட்டாதை."

திட்டுவாள், அழுவாள் என்று நினைத்திருந்தேன். அதற்கு நான் ஆயத்தமாகவும் இருந்தேன். அவள் ஒரு கையை மெல்லத் தூக்கி, விரல்களை ஆட்டி ஒன்றே ஒன்று கேட்டாள்.

எத்தனை பேர்?

இன்ஸ்பெக்டர் அன்றைக்கு அதையும் சொல்லியிருந்தார். எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. குறைத்துச் சொல்லிவிடு என்று ஒரு கணம் மனம் சொன்னது. ஐந்து பேர், ஆறு பேர் என்றால் அவளுக்கு இழப்பும் சின்னதாக இருக்கும். இந்த வயதிலும் எனக்கு அந்தப் புத்தி போகவில்லை.

பத்து விரலையும் விரித்துக் காட்டி மூடினேன். திரும்ப விரித்தேன், மூடினேன். மூன்றாவது தரம். நாலாவது தரம். தவம் ஒவ்வொரு பத்துக்கும் தலையை அசைத்துக்கொண்டு வந்தாள். ஐந்தாவது தரம் நான் விரித்தபோது அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

கண்ணை மூடிக்கொண்டவளிடம் நான் எதைச் சொல்ல முடியும்? இன்னும் பாதிப் பேர் இருந்தார்கள். அவள் திறக்கும்வரை கையை விரித்தபடியே இருந்தேன்.